ஓஷின் - பொறுமையின் கதையாமே?

"ஓஷின் மாதிரி பொறுமையா இருக்கணும்"னு யாராவது சொன்னா எனக்கு இப்பல்லாம் சுர்ருனு ஏறுது. 297 பாகத்தையும் உட்கார்ந்து பார்த்து முடிச்சவன்ங்கிற உரிமையில சொல்றேன் மக்களே, அது பொறுமையோட கதையே இல்லை.

தெரியாதவங்களுக்காக ஒரு சின்ன அறிமுகம். ஜப்பானோட என்.எச்.கே. 1983 ஏப்ரல்ல இருந்து 1984 மார்ச் வரைக்கும் தினமும் காலையில 15 நிமிஷம் ஒளிபரப்பின தொடர். எழுதினவர் சுகாகோ ஹஷிடா. பார்த்தவங்க சராசரியா 52.6 சதவீதம், உச்சத்துல 62.9. அப்புறம் ஈரான், இலங்கைன்னு அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகளைச் சுத்தி வந்தது.

எல்லார் மனசுலயும் நிக்கிறது அந்தத் தெப்பக் காட்சி. ஒரு மூட்டை அரிசிக்காக ஏழு வயசுப் பொண்ணை வேலைக்கு அனுப்புறாங்க. மொகாமி ஆத்துல, கொட்டுற பனியில தெப்பம் போகுது. கரையில அப்பா அழுறார். நானும் அழுதேன். (ரூம்மேட் பார்த்துட்டான். வெங்காயம்னு சமாளிச்சேன் :-))

ஆனா கதை ஆரம்பிக்கிறது அங்கே இல்லை, 1983ல. எண்பதைத் தாண்டின ஓஷின், மகனோட 17வது சூப்பர் மார்க்கெட் திறப்பு விழா அன்னிக்கு வீட்டை விட்டுக் காணாமப் போயிடறாங்க. தேடி வந்த பேரனோட பழைய இடங்களை ஒவ்வொண்ணா போய்ப் பார்க்கிறாங்க. மனசுல ஒரே கேள்விதான்: நான் எங்கே தப்பு பண்ணினேன்? ஏன்னா அந்தப் புதுக்கடை, ஒரு காலத்துல அவங்களுக்கு உதவின கோட்டாவோட குடும்பக் கடையைச் சாப்பிடப் போகுது.

இன்னொண்ணு. சின்ன வயசுல ஓஷினுக்கு எழுதப் படிக்கச் சொல்லிக் கொடுத்த ஷுன்சாகு, போரை வெறுத்து ராணுவத்துல இருந்து ஓடி வந்தவன். அவ கண்ணு முன்னாடியே சுட்டுக் கொல்றாங்க. அதைப் பார்த்த அதே ஓஷின்தான், பின்னாடி புருஷன் ரியூஸோ ராணுவத்துக்குச் சரக்கு சப்ளை பண்ணிக் கொண்டு வந்த காசுல குடும்பம் நடத்துறாங்க. மூத்த மகன் போர்ல சாகிறான். 1945ல ஜப்பான் தோத்ததும் ரியூஸோ தற்கொலை பண்ணிக்கிறார். 'எல்லாத்துக்கும் புருஷன்தான் காரணம்'னு ஓஷின் ஒதுங்கிக்கலை. தானும் அந்தக் காசுல சாப்பிட்டவதானேன்னு நினைக்கிறாங்க.

அதனாலதான் சொல்றேன், இது கணக்குப் பார்க்கிறவளோட கதை. கஷ்டப்பட்டு மேல வந்தேன்கிறது, மேல வந்தப்புறம் செய்யிறதுக்கெல்லாம் ரசீது ஆகாது.

இது எனக்கு ஏன் இவ்வளவு உறைக்குது? முதல் வேலையில இன்வாய்ஸ் சரிபார்க்கிறது எப்படின்னு எனக்குப் பக்கத்துல உட்காரவச்சு சொல்லித் தந்தவர் ஒரு கான்ட்ராக்ட் அண்ணன். ரெண்டு வருஷம் கழிச்சு அதே வேலையைத் தானா செய்யிற புரோகிராமை நான் எழுதினேன். எனக்கு புரமோஷன். அவரோட சேர்த்து நாலு பேருக்குக் கான்ட்ராக்ட் புதுப்பிக்கலை. "நீ எழுதலைன்னா வேற எவனாவது எழுதியிருப்பான்"னு நண்பர்கள் சொல்றாங்க. உண்மைதான். ஓஷினும்தான் அந்தக் கடையை நிறுத்தலை. ஆனா ரிப்பன் வெட்டுறப்ப பக்கத்துல நின்னு கை தட்டலை. நான் ட்ரீட் கொடுத்தேன். பிரியாணி.

கடைசி பாகம் முடிஞ்ச ராத்திரி அந்த அண்ணனோட நம்பரைத் தேடி எடுத்தேன். மறுநாள் காலையில கூப்பிட்டேன். வேற இடத்துல சேர்ந்துட்டாராம், சம்பளம் கம்மியாம். "நல்லா இருக்கியா தம்பி"ன்னு முதல்ல அவர்தான் கேட்டார்.

டிஸ்கி: மொத்தம் 297 பாகம், சுமார் 74 மணி நேரம். "மெகா சீரியல்னாலே இழுவை"ன்னு சொல்றவங்க ஒரு வாரம் மட்டும் பார்த்துட்டு வந்து சண்டை போடுங்க. நான் இங்கேதான் இருப்பேன்.