தாமதமாக வரும் பாத்தியதை

மயிலாப்பூரிலும், ஏரியைத் தூர்த்து 1920களில் நிர்மாணிக்கப்பட்ட தியாகராய நகரிலும், அடையாற்றுக் காந்தி நகரிலும், தாத்தா வாங்கிய இரண்டு கிரவுண்டு மனையில் நிற்கும் பழைய வீட்டை இடித்து அடுக்ககம் கட்டப் பிள்ளைகள் தீர்மானித்து, புரொமோட்டரையும் பேசி முடித்த பிறகு, முப்பது வருஷமாக வாய் திறவாதிருந்த ஒரு சகோதரியோ, காலஞ்சென்ற சித்தப்பாவின் மக்களோ, தங்களுக்கும் அதில் பங்குண்டு என்று வக்கீல் நோட்டீஸ் அனுப்புவது சகஜமாகிவிட்டது. நோட்டீஸ் வந்த வீட்டில் பேராசை என்ற சொல்தான் முதலில் எழுகிறது. இத்தனை நாள் எங்கே போயிருந்தார்கள் என்று உற்றாரும் கேட்கிறார்கள். அதற்கு விடையைச் சட்டத்தின் சரித்திரத்திலும் வருவாய்த் துறைப் பதிவேட்டிலும் தேடினால், தாமதத்தின் குற்றம் பெரும்பாலும் கேட்டவரைச் சார்ந்ததன்று என்பதே என் தீர்மானமான அபிப்பிராயம்.

1956ஆம் வருஷத்து ஹிந்து வாரிசுரிமைச் சட்டம், உயில் எழுதாமல் இறந்த தகப்பனாரின் சுயார்ஜிதத்தில் மகளுக்கும் சமபங்கு தந்ததேயன்றி, பூர்விகச் சொத்தில் பிறப்பால் வரும் உரிமையை ஆண்மக்களிடமே விட்டுவைத்தது. தமிழ்நாடு அரசின் திருத்தம் 1989 மார்ச் 25 முதல் அவ்வுரிமையை மகளுக்கும் விஸ்தரித்தபோது, அத்தேதிக்கு முன்பே விவாகமானவர்கள் விலக்கப்பட்டார்கள். 2005இல் நாடாளுமன்றம் அந்த விலக்கையும் நீக்கியது. எனினும், அவ்வருஷம் செப்டம்பர் 9 அன்று தந்தை உயிரோடிருந்தாக வேண்டுமா என்ற சர்ச்சை, 2020 ஆகஸ்டில் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் வேண்டியதில்லை என்று தீர்க்கும் வரையில் ஓயவில்லை. 1980இல் கழுத்தில் தாலி ஏறிய ஒரு மயிலாப்பூர்ப் பெண், சட்டம் தனக்குத் தராத உரிமையை 1990இல் எப்படிக் கேட்டிருப்பாள்?

சட்டம் இடம் கொடுத்த சொத்திலும் குடும்பம் இடம் கொடுப்பதில்லை. தகப்பனாருக்குச் சுபஸ்வீகாரம் முடிந்த கையோடு, பெண்கள் ஊர் திரும்புமுன், அண்ணன் விடுதலைப் பத்திரத்தை நீட்டி, "உனக்குத்தான் நகை போட்டு நன்றாகக் கட்டிக்கொடுத்தாயிற்றே, ஒரு கையெழுத்துப் போட்டுவிட்டுப் போ" என்று சொல்ல, தாயார் ஊஞ்சலில் தலைகுனிந்து உட்கார்ந்திருக்க, பிறந்தகம் அற்றுப்போய்விடுமே என்ற அச்சத்தில் படித்துப் பாராமலே ஒப்பமிட்டவர்கள் எத்தனையோ பேர். கையெழுத்துக்கூடக் கேட்கப்படாதவர்களின் நிலை இன்னும் பரிதாபம். வில்லங்கச் சான்று பதிவான பத்திரங்களையே காட்டும். மரணத்தால் வாரிசுகளுக்கு இறங்கும் உரிமை பத்திரமின்றியே இறங்குவதால் அதில் ஒரு வரியும் ஏறாது. பட்டாவோ மனுக் கொடுத்த மகன் பெயருக்கு மாறிவிடுகிறது. பட்டா மட்டுமே உரிமை மூலமாகாது என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியும், அந்த ஒரு தாளைக் கண்டே ஊர் நம்புகிறது. கூட்டு வாரிசுகளுள் ஒருவரின் அனுபோகம் எல்லோருடைய அனுபோகமாகவே கருதப்படும், மற்றவர் பாத்தியதையை அவர் அறிய வெளிப்படையாக மறுத்த பிறகே பன்னிரண்டு வருஷக் கெடு ஓடத் தொடங்கும் என்பது நீதிமன்றங்களின் கொள்கை. அது எனக்கு மிகவும் நியாயமாகவே படுகிறது.

விலை கொடுத்து வாங்கியவருக்கும் நியாயம் வேண்டும். நடிகை ஸ்ரீதேவி 1988இல் கிழக்குக் கடற்கரைச் சாலையில் வாங்கிய நிலத்தின்மீது, விற்ற குடும்பத்தின் வாரிசுகள் என்று மூவர், தாம்பரம் தாசில்தார் 2005இல் கொடுத்த சான்றிதழை வைத்து உரிமை கொண்டாடவே, அவருடைய கணவர் போனி கபூர் அதை ரத்துச் செய்யக் கோரி 2025இல் சென்னை உயர் நீதிமன்றத்தை நாடினார். அவருடைய மனுவின்மீது நான்கு வாரத்துக்குள் முடிவெடுக்கும்படி நீதிமன்றம் தாசில்தாருக்கு உத்தரவிட்டது. மயிலாப்பூரில் வசித்த குடும்பத்துக்குச் சான்றளிக்கத் தாம்பரத்துக்கு அதிகாரம் ஏது என்பதும், முதல் மனைவி உயிரோடிருக்கையில் நடந்ததாகச் சொல்லப்படும் இரண்டாம் விவாகம் செல்லுமா என்பதும் அங்கே எழுந்த வினாக்கள். செல்லாத விவாகத்தில் பிறந்த மக்களுக்கும் பெற்றோரின் பங்கில் பாத்தியதை உண்டென்று 2023இல் உச்ச நீதிமன்றம் விளக்கியிருப்பதால், இத்தகைய வழக்குகள் ஒரு சான்றிதழோடு முடிவதில்லை. கிரயமாகி முப்பத்தேழு வருஷம் கழித்து வாரிசு யார் என்று தாசில்தார் விசாரிக்க நேர்வது, மரணம் நேர்ந்த காலத்திலேயே வாரிசுகளின் பெயர்கள் பதிவேட்டில் ஏறாததன் பலன்.

மரணப் பதிவு மாநகராட்சியில், வாரிசுச் சான்று தாசில்தாரிடம், பத்திரம் சார்பதிவாளரிடம், மனையின் கணக்கு நகர நில அளவைப் பதிவேட்டில் என்று இவை தனித்தனியே கிடக்கின்றன. பட்டாதாரர் இறந்த செய்தி மாநகராட்சியில் பதிவானவுடனே வருவாய்த் துறைக்குச் செல்லவேண்டும். மனைவி, மகன், மகள் ஆகிய அனைவருக்கும் அறிவிப்பு அனுப்பி, ஒரு வருஷத்துக்குள் கூட்டுப் பட்டா வழங்கவேண்டும். உயில் உண்டென்பவர் அதை அப்போதே முன்வைக்கட்டும். மரணத்திலிருந்து ஆறு மாதம் கழியாமல் எந்த விடுதலைப் பத்திரத்தையும் சார்பதிவாளர் ஏற்கலாகாது என்று அரசு விதிக்குமானால், துக்க வீட்டில் நீட்டப்படும் பத்திரத்தைத் தன் ஊருக்கு எடுத்துச் சென்று, தனக்கென ஒரு வக்கீலிடம் காட்டி, இசைவதா மறுப்பதா என்று யோசிக்க அந்தப் பெண்ணுக்கு அவகாசம் கிடைக்கும்.