பதினாறாம் நாள் கையெழுத்து வேண்டாம்

கும்பகோணத்திலும், சுவாமிமலை, திருபுவனம், தாராசுரம் முதலான சுற்று ஊர்களிலும் இருக்கும் பெரியவர்களுக்கும், உடன்பிறந்தவர்களுக்கும், பிள்ளைகளுக்கும்,

ஜெர்மனியிலிருந்து எழுதுகிறேன். ஊரில் யாராவது தவறிப்போனால் வாட்ஸ்அப்பில் செய்தி வந்துவிடுகிறது. சில நாளில் அதன் பின்னாலேயே இன்னொரு செய்தியும் வருகிறது. கருமாதி முடிந்த கையோடு கடன் கொடுத்தவர்கள் வந்தார்கள். இறந்தவர் எழுதிக்கொடுத்த புரோநோட்டை மனைவி பேருக்கோ மகன் பேருக்கோ மாற்றி எழுதி வாங்கிக்கொண்டு போனார்கள். என் உறவிலேயே ஒரு பெண் பதினாறாம் நாள் பந்தலில் உட்கார்ந்தபடி அப்படிக் கையெழுத்துப் போட்டார். கணவர் விட்டுப்போன நிலம் ஏதுமில்லை; குத்தகைப் பயிர்தான். அந்தக் கடனை அவர் இன்றும் நாற்று நட்டும் களை பறித்தும் அடைத்துக்கொண்டிருக்கிறார். அன்று கையெழுத்துப் போடாமல் இருந்திருந்தால் அவருடைய கூலியிலிருந்து ஒரு ரூபாய் கேட்கக்கூட எவருக்கும் உரிமை இருந்திருக்காது. இதை ஒவ்வொரு வீட்டுக்கும் சொல்லத்தான் இந்த மடல்.

நம் நாட்டுச் சட்டத்தில் இறந்தவரின் கடன் அவருடைய சொத்தைத் தொடர்கிறது, ரத்தத்தைத் தொடர்வதில்லை. 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், 50-ஆம் பிரிவில் இதைத் தெளிவாகச் சொல்கிறது: இறந்தவரின் சொத்து எவ்வளவு வாரிசின் கைக்கு வந்ததோ, அந்த அளவுக்குத்தான் வாரிசு பொறுப்பு. அப்பாவுக்குக் கடன் 5 லட்சம், அவர் விட்டுப்போனது 2 லட்சம் பெறுமானம் என்றால் அந்த 2 லட்சத்தோடு பொறுப்பு முடிந்தது. மகன் திருப்பூரில் சம்பாதிப்பதும், மகள் கல்யாணத்துக்குச் சேர்த்த நகையும் அந்தக் கணக்கில் வராது. வருமான வரிப் பாக்கிக்கும் இதே வரம்புதான்.

நான் இருக்கும் நாட்டில் நிலைமை வேறு. இங்கே வாரிசானால் பொதுவாகக் கடனும் சேர்ந்தே வரும். சொந்தப் பணத்திலிருந்தும் கட்ட நேரலாம். வேண்டாம் என்பவர், விஷயம் தெரிந்த ஆறு வாரத்துக்குள் நீதிமன்றத்தில் மறுத்துச் சொல்லிவிட வேண்டும். அதனால் இங்குள்ளவர்கள் துக்கத்திலும் கணக்கைப் பார்க்கிறார்கள். நமக்கோ சட்டமே காவலாக நிற்கிறது. அதை ஒரு கையெழுத்தில் நாமே விலக்கிவிடுகிறோம். புது நோட்டில் கையெழுத்துப் போட்டவுடன் அது இறந்தவரின் கடன் இல்லை, உங்கள் கடன். பழைய நோட்டுக்கு மூன்று வருடக் கெடு முடியப்போகிற நிலையில் இருந்தாலும் புதிதாக மூன்று வருடம் தொடங்கிவிடும். கெடு முடிந்துபோன கடனுக்குக்கூட, எழுத்தில் 'தருகிறேன்' என்று ஒப்புக்கொண்டால் உயிர் வந்துவிடும்.

"அப்பா கடனோடு போனால் அவர் ஆன்மா கரையேறாதே" என்று கேட்பீர்கள். காவிரிப் படித்துறையில் காரியம் செய்த யாருக்கும் அந்தக் கேள்வியின் கனம் தெரியும். தந்தையின் கடனைத் தீர்ப்பது மகனின் தர்மம் என்று பழைய சாஸ்திரங்கள் சொன்னது உண்மை. ஆனால் குடிக்கும் சூதுக்கும் வாங்கிய கடனை மகன் கொடுக்க வேண்டியதில்லை என்று சொன்னதும் அதே சாஸ்திரங்கள்தான். அந்தத் தர்மத்தை மட்டும் காரணம் காட்டி மகன், பேரன் மீது வழக்குப் போடும் உரிமையை 2005-இல் இந்து வாரிசுரிமைச் சட்டத் திருத்தம் எடுத்துவிட்டது. இஸ்லாமியக் குடும்பங்களிலும் இறந்தவர் சொத்தில் கடன் தீர்த்த பிறகுதான் பங்கு. மனசாட்சிப்படி அதற்கு மேலும் கொடுக்க விரும்புகிறவர் கொடுக்கட்டும். அது அவருடைய பெருமை. நிதானமாக யோசித்து, தன்னால் முடிந்ததைக் கொடுக்கட்டும்.

இதைச் சாக்காக வைத்து யாரையும் ஏமாற்றச் சொல்லவில்லை. வீட்டையோ நிலத்தையோ அடமானம் வைத்திருந்தால் கடன் அந்தச் சொத்தோடுதான் போகும். அடகு நகையைப் பணம் கட்டித்தான் மீட்க வேண்டும். நீங்களும் சேர்ந்து கையெழுத்துப் போட்ட கடனும், ஜாமீன் நின்ற கடனும் முதல் நாளிலிருந்தே உங்களுடையவை. சொத்தை அவசரமாக விற்றுவிட்டு, பணம் எங்கே போனது என்று கோர்ட்டில் கணக்குக் காட்ட முடியாத வாரிசு அந்த அளவுக்குச் சொந்தப் பொறுப்பாகிவிடுவார்.

கடன் கொடுத்தவர்களுக்கும் ஒரு வார்த்தை. உங்கள் பணத்துக்கு இறந்தவரின் சொத்து பதில் சொல்லும். கோர்ட் வழி திறந்தே இருக்கிறது. அந்தக் கோர்ட்டும் சமையல் பாத்திரத்தையும் படுக்கையையும், விவசாயியின் உழவுக் கருவியையும் விதைநெல்லையும், கைத்தொழிலாளியின் கருவிகளையும் ஜப்தி செய்ய விடுவதில்லை. நீதிபதியே தொடாததை நீங்கள் வாசலில் நின்று கேட்கலாமா? கந்துவட்டிக்கும் மீட்டர் வட்டிக்கும் 2003-இலிருந்து தமிழ்நாட்டில் தனித் தடைச் சட்டம் இருக்கிறது; மூன்று வருடம் வரை சிறை.

சாவு விழுந்த வீட்டில் மூத்தவராக நிற்பவர்கள் இவற்றைச் செய்யுங்கள். யார் வந்தாலும் நோட்டின் நகலைக் கேட்டு வாங்கி, தேதியையும் தொகையையும் குறித்து வையுங்கள். "விவரம் பார்த்துச் சொல்கிறோம்" என்பது போதும். வெற்றுத்தாளில் கைநாட்டுக்கூட வேண்டாம். கூட்டுறவுச் சங்கம், வங்கி, மகளிர் குழு எதில் கடன் இருந்தாலும் அதற்குக் காப்பீடு உண்டா என்று கேளுங்கள். வாரிசு சான்றிதழ் வாங்கினால் கடன் தலையில் விழும் என்று பயந்து தள்ளிப்போடாதீர்கள். அது உறவுக்குச் சான்று, கடன் பத்திரம் இல்லை. சந்தேகம் இருந்தால் நீதிமன்ற வளாகத்தில் வட்ட சட்டப் பணிகள் குழுவிடம் போங்கள். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவானாலும், வழக்கறிஞர் உதவி இலவசம். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

கடைசியாக ஊருக்கு என் வேண்டுகோள். கோயில் திருவிழாவுக்கும் வாய்க்கால் முறைக்கும் தெருக்கூட்டம் போட்டுக் கட்டுப்பாடு வைக்கிறோம். அதே கூட்டத்தில் இதையும் வையுங்கள்: ஒரு வீட்டில் காரியம் முடிந்து ஒரு மாதம் ஆகும்வரை அந்த வீட்டாரிடம் கடன் பத்திரத்தில் யாரும் கையெழுத்துக் கேட்கக் கூடாது; பிறகு பேசும்போதும் விவரம் தெரிந்த ஒருவர் அவர்கள் பக்கத்தில் இருக்க வேண்டும். பணமோ அரசாணையோ இதற்குத் தேவையில்லை. நாலு பேர் முன்வந்து அந்த வீட்டுப் பெண்ணுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தால் போதும்.

அன்புடன்,
உங்கள் ஊர்ப் பெண்