அலறத் தெரிந்தால் போதுமா?

போன மாதம் நண்பர் ஒருவர் வேறொரு சிற்றிதழைக் கொண்டுவந்து மேசையில் போட்டுவிட்டுப் போனார். பேய்ப்படமொன்றில் நடித்தவருக்கு நடிப்புக்கான பரிசு தரப்பட்டதைக் கண்டித்து மூன்று பக்கக் கட்டுரை. பரிசு குறித்து நமக்கு வழக்கில்லை. கட்டுரையின் நடுவே, போகிறபோக்கில் எழுதப்பட்ட ஒரு கருத்துதான் நம்மை இரண்டு இரவு தூங்கவிடாமல் செய்தது. பேய்ப்படத்தில் நடிகைக்கு வேலையே கிடையாதாம். விளக்கும் ஒப்பனையும் செய்வதைப் பார்த்துவிட்டு நாம்தான் நடிப்பு என்று ஏமாறுகிறோமாம். அலறத் தெரிந்த யாரும் போதுமாம். இதற்குச் சான்றாகக் கட்டுரையாளர் இழுத்திருப்பது நடிகை பார்பரா ஸ்டீலை.

அவரை இழுத்திருக்கக் கூடாது.

பார்பரா ஸ்டீல் 1937இல் இங்கிலாந்தின் பர்கன்ஹெட்டில் பிறந்தவர். ஓவியம் படித்தவர். லண்டனில் ராங்க் நிறுவனத்தின் ஒப்பந்த நடிகையாக இருந்தார். அந்த ஒப்பந்தம் கைமாறி, ஹாலிவுட்டுக்குப் போய்ச் சேர்ந்தார். எல்விஸ் பிரெஸ்லி படமொன்றில் கிடைத்த வேடத்தை விட்டு விலகினார். அது பார்பரா ஈடனுக்குப் போயிற்று. அடுத்து இத்தாலி. 1960இல் மரியோ பாவா இயக்கிய ‘சாத்தானின் முகமூடி’. கோகோலின் ‘விய்’ கதையை ஒரு சாக்காக வைத்துக்கொண்டு எடுத்த படம். ஆங்கிலத்தில் ‘பிளாக் சண்டே’ என்று பெயர். இங்கிலாந்தின் தணிக்கை வாரியம் 1968 வரை அதை அனுமதிக்கவில்லை.

படத்தில் ஸ்டீலுக்கு இரட்டை வேடம். மால்டேவியாவில் சூனியக்காரி என்று தண்டிக்கப்படும் ஆஸா. இருநூறு ஆண்டுகள் கழித்து அதே குடும்பத்தில் பிறந்த காத்யா. உட்புறம் முழுக்க ஆணி பதித்த வெண்கல முகமூடியை ஆஸாவின் முகத்தில் வைத்து, பெரிய சுத்தியலால் ஓங்கி அறைகிறார்கள். கல்லறையில் அந்த முகமூடி எடுக்கப்படும்போது கண்குழிகளில் தேள் ஊர்கிறது. பிறகு கண்கள் திரும்ப வருகின்றன. கன்னம் நிறைய ஆணித் துளைகள். ஆஸா உடனே எழுந்திருப்பதில்லை. படத்தின் பெரும்பகுதி கல் மேடையில் மல்லாந்து கிடக்கிறாள். கை கால் அசையாது. மூச்சு ஏறி இறங்குகிறது, கண் திரும்புகிறது, அவ்வளவுதான். அந்தக் கண்ணை வைத்துக்கொண்டு ஒரு முதிய மருத்துவரைத் தன் அருகே வரவழைக்கிறாள். அவர் போகிறார். பார்க்கிற நமக்கும் அவர் போவார் என்று தெரிந்துவிடுகிறது.

விளக்கின் வேலை என்று சொல்பவரிடம் விளக்கைப் பற்றியே பேசுவோம். பாவா ஒளிப்பதிவிலிருந்து வந்தவர். 1957இல் ரிக்கார்டோ ஃப்ரெடாவின் ‘இ வாம்பிரி’ படத்தில், வெட்டே இல்லாமல் ஒரு பெண்ணின் முகம் கண்ணெதிரே கிழடு தட்டுவதைக் காட்டியவர். சுருக்கங்களைச் சிவப்பு வண்ணத்தில் வரைந்துவிட வேண்டும். சிவப்பு ஒளியில் கறுப்பு வெள்ளைப் படச்சுருள் அவற்றைக் காணாது. ஒளியின் நிறத்தை மெல்ல மாற்றினால் வரைந்தது அத்தனையும் கருகருவென்று எழுந்து வரும். அழகான வித்தை. நாம் அதை மெச்சுகிறோம். ஆனால் அதை எந்த முகத்திலும் செய்யலாம்.

‘சாத்தானின் முகமூடி’யின் முடிவுக்கு வாருங்கள். காத்யா மயங்கிக் கிடக்கிறாள். அவளது இளமையை உறிஞ்சிக்கொண்ட ஆஸா, தான்தான் காத்யா என்று சொல்லி, கிடப்பவளைக் கொல்லும்படி இளம் மருத்துவனைத் தூண்டுகிறாள். அவனுக்கு அடையாளம் தெரியவில்லை. ஏறக்குறையக் கொன்றே விடுகிறான். கழுத்தில் கிடக்கும் சிலுவையைப் பார்த்துத்தான் கை நிற்கிறது. நமக்கோ சிலுவை தேவைப்படவில்லை. முகமும் அதுவே, விளக்கும் அதுவே; ஆனாலும் பேசுகிறவள் காத்யா இல்லை என்று முதல் பார்வையிலேயே நெஞ்சு சொல்லிவிடுகிறது. எதைக் கொண்டு சொல்லியது? கட்டுரையாளர் இதற்கு மட்டும் பதில் சொன்னால் போதும்.

குரலைக் கொண்டு என்று சொல்லிவிட முடியாது, ஏனெனில் அந்தக் குரல் ஸ்டீலுடையதே இல்லை. அன்றைய இத்தாலியப் படங்களில் ஒலி பின்னால் சேர்க்கப்படும். அவருக்கு வேறொருவர் பேசினார். மறு ஆண்டு அமெரிக்காவில் ரோஜர் கோர்மன் எடுத்த எட்கர் ஆலன் போ கதைப் படத்திலும் அவரது வசனத்தை வேறொரு குரலே பேசியது. இரவல் குரலில் பேசும் நாயகிகளையே பார்த்து வளர்ந்தவர்கள் நாம். வாயை மட்டும் அசைத்துவிட்டுப் போகும் முகத்துக்கும், குரல் பறிபோன பின்பும் பேசிக்கொண்டிருக்கும் முகத்துக்கும் உள்ள வித்தியாசம் நமக்கே தெரியாவிட்டால் வேறு யாருக்குத் தெரியும்?

அலறல் என்ற சொல் நம்மை இன்னும் உறுத்துகிறது. ஸ்டீலின் படங்களில் பெரும்பாலும் அலறுவது மற்றவர்கள். சரி, அலறலையே எடுத்துக்கொள்வோம். ‘கிங் காங்’கில் அலறிய ஃபே ரே, படப்பிடிப்பெல்லாம் முடிந்தபின் ஒலிப்பதிவுக்கூடத்தில் நின்று, எதிரே குரங்கும் இல்லாமல் உயரமும் இல்லாமல், வேண்டிய அலறல்களை ஒரே மூச்சில் கொடுத்தவர். 2004இல் அவர் இறந்தபோது, படத்தில் காங் ஏறிய எம்பயர் ஸ்டேட் கட்டிடத்தின் விளக்குகளைக் கால் மணி நேரம் தணித்து வைத்தார்கள். ஒரு நகரம் கொடுத்த மரியாதை அது. மூன்று பக்கம் எழுதியவருக்கு ஒரு வரி மரியாதை கொடுக்க மனம் வரவில்லை.

நாம் ஸ்டீலை முதலில் பார்த்தது பேய்ப்படத்தில் இல்லை. திரைப்படச் சங்கத்து நாட்களில், மின்விசிறி இரைச்சலோடு ஓடிய பதினாறு எம்.எம். சுருளில், ஃபெலினியின் ‘எட்டரை’. சின்ன வேடம். தன்னைவிட மிக மூத்த காதலனை டுவிஸ்ட் ஆட வைப்பார். அவன் வியர்த்து, மூச்சு வாங்கி, விடாமல் ஆடுவான். இவர் முகத்தில் அலுப்பும் குறும்பும் மாறி மாறி வரும். யாரந்தப் பெண் என்று கேட்டபோது, சங்கத்தின் மூத்தவர் ஒருவர், அவள் பேய்ப்பட நடிகை, விடு என்றார். அந்த ‘விடு’வை அப்போதே கேட்டிருக்க வேண்டும். கேட்காமல் விட்டோம், பாவாவின் படத்தைப் பார்க்கப் பல ஆண்டுகள் ஆயின.

அந்த ‘விடு’ இன்றும் நம்மிடையே உலவுகிறது. இயக்குநரே படத்தின் ஆசிரியர் என்று பிரெஞ்சுக்காரர்கள் சொன்னதை நாம் வேதமாக எடுத்துக்கொண்டோம். யதார்த்தவாதம் பேசியவர்கள் அதற்கு மேல் பூட்டும் போட்டார்கள்: வறுமையை நடித்தால் கலை, பயத்தை நடித்தால் வித்தை. பசியைப் போலவே பயமும் மனிதனின் ஆதி அனுபவம்தானே? கிராமத்துப் பாட்டி முனிக்கதை சொல்லும்போது குரலைத் தாழ்த்துவாளே, அதை நாட்டார் வழக்காறு என்று ஆய்வேடு எழுதுகிறோம். ஒரு நடிகை கண்ணைத் தாழ்த்தினால் மட்டும் கைவினை என்று ஒதுக்குகிறோம். உழைத்தவர் பெயரை அழித்துவிட்டு உழைப்பை மட்டும் ரசிக்கும் இந்தப் பழக்கம் சினிமாவோடு நிற்பதில்லை. நம் மொழிபெயர்ப்பாளர்களையும் மெய்ப்புப் பார்ப்பவர்களையும் கேட்டுப் பாருங்கள்.

ஸ்டீல் பிறகு ஷ்லோண்டார்ஃபின் ‘இளம் டோர்லஸ்’ படத்தில் நடித்தார்; குரோனென்பெர்க்கின் ‘ஷிவர்ஸ்’ படத்திலும் இருந்தார். ‘வார் அண்டு ரிமெம்பரன்ஸ்’ தொலைக்காட்சித் தொடரின் தயாரிப்பாளராக 1989இல் எம்மி விருது பெற்றார். நடித்ததற்காக அல்ல.

கட்டுரையாளருக்கு ஒரு வேண்டுகோள். ‘சாத்தானின் முகமூடி’ ஒன்றரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். கடைசிக் காட்சியை மட்டுமாவது ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். பார்த்தபின் எழுதுங்கள், ஒரு சொல்லும் வெட்டாமல் இந்தப் பக்கத்திலேயே வெளியிடுகிறோம்.