பிள்ளை வைத்த கரட்டும் எங்கட மேசையும்

ஒக்டோபர் மாதத்தின் இரண்டாவது திங்கட்கிழமை கனடாவில் நன்றி நவிலல் நாள். 1957இல் இருந்து அந்தத் திங்களில்தான் கொண்டாடுகிறார்கள். ஸ்காபரோவில் எங்கட ஆக்கள் பலருக்கு அது சொந்தக்காரர் கூடிச் சாப்பிட ஒரு சாட்டு. எங்கள் வீட்டிலும் ஆட்டிறைச்சிக் கறி, கத்தரிக்காய்ப் பால்கறி, பருப்பு, சோறு என்றுதான் சமையல்.

போன வருடம் எல்லாரும் வந்திருந்த நேரம், பன்னிரண்டு வயது மகள் கேட்டாள்: "அம்மா, நான் ஒண்டு செய்யட்டா? மேப்பிள் பாணி விட்ட கரட்." சிநேகிதி வீட்டில் சாப்பிட்டிருக்கிறாள். நான் யோசிக்காமல் சொன்னேன்: "கரட்டுக்குப் பாணியோ? உந்த வெள்ளைக்காரச் சாப்பாட்டை ஆர் தின்னுறது?" எல்லாரும் சிரித்தார்கள். அவள் அப்போது ஒன்றும் பேசவில்லை. இரவு படுக்கப் போகும்போது, "அடுத்த வருஷம் நான் அவையின்ர வீட்ட சாப்பிடுறன்" என்றாள்.

எனக்கு நித்திரை வரவில்லை.

அடுத்த சனிக்கிழமை ஒரு பை கரட் வாங்கி வந்தேன். ரொறன்ரோவுக்கு வடக்கே, ஹொலண்ட் மார்ஷில் சதுப்பு நிலத்தை வடித்தெடுத்த கறுத்த மண்ணில் விளைகிற கரட். "நீயே செய், நான் பக்கத்தில நிக்கிறன்" என்றேன்.

அரைக்கிலோ கரட்டைச் சீவி, அரை அங்குலத் துண்டுகளாகச் சரித்து வெட்டினாள். ஒரே அளவாக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் சிலது குழையும், சிலது வேகாது. அகன்ற சட்டியில் பரப்பி, பாதி மூடும் அளவுக்குத் தண்ணீர், இரண்டு மேசைக்கரண்டி பட்டர், ஒரு மேசைக்கரண்டி பாணி, கொஞ்சம் உப்பு. மூடாமல் நடுத்தர நெருப்பில் விட்டால், கால் மணித்தியாலமளவில் தண்ணீர் வற்றி, பட்டரும் பாணியும் சேர்ந்து துண்டுகளில் மினுங்கிக்கொண்டு ஒட்டும். அந்த நேரம் அடுப்படியை விட்டு அசையக் கூடாது. பாணி கருகினால் கசக்கும். இறக்கும்போது கொஞ்சம் மிளகுத்தூள், நாலு சொட்டுத் தேசிக்காய்ப் புளி.

பார்த்துக்கொண்டிருந்த என் அம்மா சொன்னா: "உது எங்கட பால்கறி மாதிரித்தானே. அவிச்ச தண்ணியை ஊத்தாமல் அதுக்குள்ளயே வத்த விடுறது." உண்மைதான். கரட்டின் ருசி தண்ணீரோடு போகாமல் சட்டிக்குள்ளேயே நிற்கிறது. சீனி வருத்தம் உள்ள அம்மா நாலைந்து துண்டு எடுத்து, சோறும் பருப்பும் குழைத்துச் சாப்பிட்டா.

எங்கட சாப்பாடும் மொழியும் கைவிட்டுப் போய்விடுமோ என்ற பயம் எங்களுக்கு இருக்கிறது. வீடு வளவு விட்டு வந்த சனத்துக்கு அது நியாயமான பயம். ஆனால் சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்ததும் கறி மணக்குது என்று பள்ளிக்கூடத்தில் கேலி செய்ய, அழுதுகொண்டு வந்த பிள்ளைகளும் எங்கட பிள்ளைகள்தான். அப்போது எங்களுக்கு எவ்வளவு கோபம் வந்தது! அதே கேலியை வீட்டுக்குள் நாங்கள் செய்யலாமா? மிளகாய்கூட அமெரிக்கக் கண்டத்தில் இருந்து வந்த பொருள்தான். அது இல்லாத யாழ்ப்பாணக் கறி உண்டா?

"இண்டைக்குக் கரட், நாளைக்குச் சோறே வேண்டாமெண்டால்?" என்று சிலர் கேட்பார்கள். ஒரு பிள்ளையை வைத்து ஊருக்கெல்லாம் சட்டம் சொல்ல நான் வரவில்லை. எங்கள் வீட்டில் நடந்தது இதுதான்: பையில் மிஞ்சிய கரட்டைத் துருவி, வெங்காயம், பச்சைமிளகாய், தேசிக்காய்ப் புளி போட்டுச் சம்பல் செய்ய அம்மம்மாவிடம் அவளே கேட்டுப் பழகினாள். நான் எத்தனையோ தரம் கூப்பிட்டும் அடுப்படிக்கு வராதவள்.

வாற ஒக்டோபரில் ஒரு அடுப்பைப் பிள்ளைகளுக்கு விட்டுக் கொடுங்கள். ஆட்டிறைச்சிக் கறிக்குப் பக்கத்தில் அந்தக் கரட்டும் இருக்கட்டும். பகிடி மட்டும் வேண்டாம். வாயில் வைத்துப் பார்த்துவிட்டு, உப்புக் கூடவோ குறைவோ என்று சொல்லுங்கள். அது போதும்.