பேய் நகரம் என்று எழுதலாமா?

ஆண்டிறுதி விடுமுறை முடிந்து பள்ளி திறந்ததும் என் மாணவன் ஒருவன் பயணக் கட்டுரை எழுதி வந்தான். இராமேசுவரம் சென்ற குடும்பம் தனுஷ்கோடியையும் பார்த்துவிட்டு வந்திருக்கிறது. தலைப்பு, ‘பேய் நகரத்தில் ஒரு நாள்’. பிழையற்ற தமிழ், மதிப்பெண் தாராளமாகவே இட்டேன். தலைப்பை மட்டும் சிவப்பு மையால் அடித்தேன். பிறகு தேக்கா சந்தையருகே என்னைக் கண்ட அவன் தந்தையார், “எல்லாரும் அப்படித்தானே சொல்கிறார்கள் ஐயா, இதில் என்ன பிழை?” என்று கேட்டார். கையில் காய்கறிப் பையுடன் சொல்லி முடிக்க இயலாத விடையை இங்கே எழுதுகிறேன்.

1964 டிசம்பர் 22 இரவு புயலும் கடலும் சேர்ந்து அவ்வூரை அழித்தன. பாம்பனிலிருந்து வந்த தொடர்வண்டி, நூற்றுக்கும் மேற்பட்ட பயணிகளோடு, நிலையத்தை நெருங்கும் வேளையில் கடலுக்கு இரையாயிற்று. வாழத் தகுதியற்ற இடம் என்று அரசு அறிவித்தது. இவ்வளவும் கட்டுரையில் இருந்தது.

இல்லாதது, மனிதர்கள். மீனவக் குடும்பங்கள் அங்கேயே பனையோலைக் குடிசைகளில் வாழ்ந்தன. வயிற்றுப்பாடு அந்தக் கடலில் இருக்கும்போது வேறெங்கே போவார்கள்? பெண்கள் மணலைத் தோண்டி, ஊறிவரும் நன்னீரைச் சிறிது சிறிதாக மொண்டு குடம் நிரப்பினார்கள்.

அதே புயலில் சிதைந்த பாம்பன் இரயில் பாலத்தை ஸ்ரீதரன் தலைமையில் 46 நாட்களில் செப்பனிட்டார்கள். பெருஞ்சாதனைதான், மறுக்கவில்லை. ஆனால் முகுந்தராயர் சத்திரத்திலிருந்து அரிச்சல்முனை வரை, பத்துக் கிலோமீட்டருக்கும் குறைவான ஒரு சாலை 2017 ஜூலையில்தான் திறக்கப்பட்டது. 52 ஆண்டுகள்! ஆளில்லா ஊருக்குச் சாலை எதற்கு, விளக்கு எதற்கு? ‘பேய் நகரம்’ என்னும் பெயர் சுற்றுலாக்காரருக்குச் சுவை. பொறுப்பைத் தட்டிக் கழிப்போருக்கோ பெரும் வசதி.

அபாயமான இடம்தானே என்பீர்கள். உண்மை. அப்படியானால் தொழிலை இழக்காமல் அவர்கள் வேறிடம் பெயர வழி செய்திருக்க வேண்டும். இல்லையேல் இருந்த இடத்தில் தண்ணீராவது தந்திருக்க வேண்டும். அறிவிப்பு ஒன்றை ஒட்டிவிட்டுப் பல்லாண்டுகள் முகம் திருப்பிக்கொள்வது எந்த வகைப் பாதுகாப்பு?

பெற்றோரே, அடுத்த டிசம்பரில் செல்வதாயின் இடிந்த தேவாலயத்தின் முன் தாராளமாகப் படம் எடுத்துக்கொள்ளுங்கள். பிறகு, அங்கே சங்கும் சிப்பியும் விற்கும் அம்மாவிடம், குடிநீர் எங்கிருந்து எடுக்கிறீர்கள் என்று உங்கள் பிள்ளையையே கேட்கச் சொல்லுங்கள். அந்த விடையோடு வரும் கட்டுரைக்காகக் காத்திருக்கிறேன்.