மனு கொடுப்பது பிச்சை கேட்பதல்ல!

கலெக்டர் ஆபீஸ் வாசலில் மனுவோடு நிற்கும் உழைப்பாளியைக் கண்டால் அதிகாரிகள் பலருக்கு ஓர் எண்ணம் வந்துவிடுகிறது. இவன் ஏதோ யாசகம் கேட்டு வந்திருக்கிறான், மனமிருந்தால் கொடுக்கலாம், இல்லாவிட்டால் விரட்டலாம் என்று நினைக்கிறார்கள். நம் தோழர்களில் சிலருக்கோ வேறொரு எண்ணம். காகிதம் எழுதி என்ன ஆகப்போகிறது, போராட்டம் ஒன்றே வழி என்கிறார்கள். இரண்டும் தவறு என்று நாம் கருதுகிறோம். தாமிரபரணிக் கரையில் நடந்தவையே இதற்குச் சாட்சி.

முதலில் சட்டத்தைப் பார்ப்போம். நமது அரசியல் சட்டத்தின் 350வது பிரிவு என்ன சொல்கிறது? எந்தக் குறைக்கும் பரிகாரம் கோரி, மத்திய சர்க்காரின் அல்லது மாநில சர்க்காரின் எந்த அதிகாரியிடமும், அங்கு வழங்கும் எந்த மொழியிலும் முறையிட ஒவ்வொருவருக்கும் உரிமை உண்டு என்கிறது. ஆயுதமின்றி அமைதியாகக் கூடும் உரிமையை 19வது பிரிவு தருகிறது. ஆகவே, பத்துப் பேர் சேர்ந்து தமிழில் ஒரு மனு எழுதி, அதை ஊர்வலமாகக் கொண்டுபோய்க் கொடுப்பது குற்றமல்ல. அது குடிமக்கள் தங்கள் சர்க்காரிடம் கணக்குக் கேட்பதாகும்.

இந்த உரிமைக்கு 1999ம் வருஷம் ஜூலை 23ந் தேதி திருநெல்வேலியில் என்ன நேர்ந்தது?

சிங்கம்பட்டி ஜமீனிடமிருந்து 1929ல் பாம்பே பர்மா கம்பெனி 99 வருஷக் குத்தகைக்கு எடுத்த மலை மாஞ்சோலை. அங்கே அட்டைக்கடியிலும் மழையிலும் கொழுந்து பறித்த தொழிலாளர்கள் கூலி உயர்வு கேட்டுப் போராடினார்கள். அறுநூறுக்கு மேற்பட்டவர்கள் சிறையில் அடைக்கப்பட்டார்கள். அவர்களை விடுதலை செய், கூலியை உயர்த்து என்று கலெக்டரிடம் மனுக் கொடுக்கத்தான் அன்று ஊர்வலம் புறப்பட்டது. புதிய தமிழகம், தமிழ் மாநில காங்கிரஸ், இடதுசாரிக் கட்சிகள் என்று பல கொடிகள் சேர்ந்து வந்தன. கொக்கிரகுளத்தில், கலெக்டர் ஆபீஸை நெருங்கிய இடத்தில், போலீஸ் வழிமறித்தது. தடியடி நடந்தது. கண்ணீர்ப்புகைக் குண்டுகள் வெடித்தன. ஒரு பக்கம் தடி, மறுபக்கம் ஆறு. ஜனங்கள் தாமிரபரணியில் இறங்கினார்கள். ஆற்றுக்குள்ளும் அடி விழுந்தது. பெண்களும் ஒரு குழந்தையும் உட்பட 17 பேர் மாண்டார்கள்.

பிறகு நீதிபதி மோகன் தலைமையில் விசாரணைக் கமிஷன் அமைத்தார்கள். நிவாரணத் தொகை கொடுத்தார்கள். ஆனால் ஒரு கேள்வி இன்றும் நிற்கிறது. ஒரு மனுவைக் கைநீட்டி வாங்கியிருந்தால் அந்த 17 உயிர்கள் போயிருக்குமா?

பக்கத்துத் தூத்துக்குடியில் 2018 மே 22ந் தேதி மீண்டும் அதே காட்சியைக் கண்டோம். ஸ்டெர்லைட் ஆலையை மூடு என்ற கோரிக்கையுடன், போராட்டத்தின் 100வது நாளில், மக்கள் கலெக்டர் ஆபீஸை நோக்கி நடந்தார்கள். துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் மாண்டார்கள். ஊரும் கட்சியும் ஆட்சியும் வேறு. ஆனால் மனுவோடு வரும் கூட்டத்தைக் கண்டு அதிகாரவர்க்கம் கொள்ளும் பயம் மட்டும் மாறவில்லை.

இந்தப் பயம் புதிதல்ல. 1905 ஜனவரியில் பீட்டர்ஸ்பர்க் நகரத் தொழிலாளர்கள் எட்டு மணி நேர வேலையும் நியாயமான கூலியும் கேட்டு, ஜார் மன்னனுக்கு மனு எழுதி எடுத்துச் சென்றார்கள். மன்னனின் படத்தையே ஏந்திப் போனார்கள். சிப்பாய்கள் சுட்டதில் நூற்றுக்கு மேற்பட்டோர் செத்தார்கள். "தந்தை" என்று ஜாரை நம்பிய நம்பிக்கையும் அன்றே செத்தது. ஜார் ஆட்சியில் நடந்ததற்கு ஜார் ஆட்சி என்ற காரணமாவது உண்டு. ஓட்டு வாங்கி ஆளும் ஆட்சியில் அது ஏன் நடக்கிறது?

இனி, தனியாக மனுக் கொடுத்தவரின் கதையைப் பார்ப்போம். 2017 அக்டோபர் 23, திங்கட்கிழமை, மக்கள் குறைதீர்க்கும் நாள். கந்துவட்டிக் கொடுமைக்கு எதிராகப் பலமுறை மனுக் கொடுத்தும் பலன் காணாத ஒரு கூலித் தொழிலாளி, மனைவியுடனும் இரண்டு பிஞ்சுக் குழந்தைகளுடனும் அதே கலெக்டர் ஆபீஸ் வளாகத்தில் தீக்குளித்தார். நால்வரும் இறந்தார்கள். கந்துவட்டியைத் தடுக்கும் சட்டம் 2003லேயே வந்துவிட்டது. சட்டமும் இருந்தது, மனுவும் இருந்தது. இரண்டையும் சேர்த்து வைக்கத்தான் ஆளில்லை. இதன் பிறகு சர்க்கார் செய்த ஏற்பாடு என்ன? மனுக் கொடுக்க வருகிறவர்களின் பையில் மண்ணெண்ணெய் பாட்டில் இருக்கிறதா என்று வாசலில் சோதனை போட்டார்கள். பையைச் சோதித்தவர்கள், பழைய மனுக்கள் தூங்கும் அலமாரியையும் சோதித்தார்களா?

மனு ஏன் தூங்குகிறது என்பது நமக்குத் தெரியாததல்ல. திங்கட்கிழமை கலெக்டர் கையில் கொடுக்கிறோம். அது தாலூகா ஆபீஸுக்குப் போகிறது. அங்கிருந்து கீழே இறங்குகிறது. கடைசியில் யார் மீது புகாரோ அவர் மேஜைக்கே "விசாரித்து அறிக்கை தருக" என்று வந்து சேருகிறது. அவர் "உரிய நடவடிக்கை எடுக்கப்பட்டது" என்று ஒரு வரி எழுதுகிறார். கணக்கில் மனு தீர்ந்துவிடுகிறது. குறை மட்டும் தீரவில்லை. தலைமடையில் தண்ணீர் திறந்ததாகப் பதிவேட்டில் இருக்கும், கடைமடை வயல் வெடித்துக் கிடக்கும். இது நம் விவசாயத் தொழிலாளிக்கு நன்றாகத் தெரிந்த விஷயம்தான்.

அப்படியானால் மனுவால் பயனில்லையா? உண்டு. பின்னால் ஸ்தாபனம் இருந்தால் உண்டு. 1908ல் தூத்துக்குடி கோரல் மில் தொழிலாளர்கள் வ.உ.சி., சுப்பிரமணிய சிவா ஆகியோரின் ஆதரவோடு கோரிக்கை வைத்து வேலைநிறுத்தம் செய்தபோது, வெள்ளைக்கார நிர்வாகம் சில நாட்களில் இறங்கி வந்தது. கூலி உயர்ந்தது. வேலை நேரம் குறைந்தது. ஞாயிறு விடுமுறை கிடைத்தது. இங்கிலாந்துத் தொழிலாளர்கள் 1839, 1842, 1848 ஆகிய மூன்று வருஷங்களில் ஓட்டுரிமைச் சாசனம் கேட்டுப் பார்லிமெண்டுக்கு மனுச் செய்தார்கள். 1842ம் வருஷத்து மனுவில் மட்டும் 33 லட்சம் கையெழுத்துக்கள் இருந்தன. மூன்று முறையும் பார்லிமெண்ட் தள்ளியது. ஆனால் கையெழுத்து வாங்க வீடு வீடாகப் போனதில் ஒரு வர்க்கம் ஒன்று திரண்டது. அவர்கள் கேட்ட ஆறு கோரிக்கைகளில் ஐந்து பிற்காலத்தில் சட்டமாயின.

சர்க்காருக்கு நாம் கூறுவது இதுதான். வாங்கும் ஒவ்வொரு மனுவுக்கும் தேதியிட்ட ரசீது கொடுங்கள். புகாருக்கு ஆளானவரிடமே விசாரணையை ஒப்படைக்காதீர்கள். நிராகரித்தால் காரணத்தைத் தமிழில் எழுதித் தாருங்கள். 2005ம் வருஷத் தகவல் உரிமைச் சட்டத்தில் 30 நாள் கெடு இருக்கிறது. தவறிய அதிகாரிக்கு அபராதமும் இருக்கிறது. மனுவுக்கும் அதுபோலச் சட்டம் செய்யுங்கள். மனுவோடு வரும் ஊர்வலத்தைத் தடியோடு அல்ல, வாசல் வரை வந்து வரவேற்க வேண்டியது கலெக்டரின் கடமை.

தோழர்களே, உங்களுக்கும் கூறுகிறோம். தனி ஆளாக அலையாதீர்கள். சங்கத்தின் பேரில், கிராமத்தின் பேரில் எழுதுங்கள். கோரிக்கையைத் தெளிவாக எண் போட்டு எழுதுங்கள். எழுத்துத் தெரியாத தோழருக்குப் படித்துக் காட்டிய பிறகே கைநாட்டு வாங்குங்கள். நகலையும் ரசீதையும் சங்க ஆபீஸில் பத்திரப்படுத்துங்கள். கெடு முடிந்தால் தகவல் சட்டப்படி கேள்வி போடுங்கள். அதற்கும் பதிலில்லையென்றால், அந்த ரசீதைக் கையில் பிடித்துக்கொண்டு எல்லோரும் சேர்ந்து போங்கள்.

இது ஆறப்போட வேண்டிய விஷயமல்ல. 2028ல் மாஞ்சோலைக் குத்தகை முடிகிறது என்று, 2024லேயே விருப்ப ஓய்வுத் திட்டத்தை அறிவித்துத் தொழிலாளர்களை மலையிலிருந்து இறக்கக் கம்பெனி முனைந்தது. தலைமுறை தலைமுறையாக அங்கே உழைத்தவர்கள், வீடும் பிழைப்பும் கேட்டு மறுபடியும் மனுவோடு மலை இறங்கினார்கள். 17 உயிர்களைக் காவு வாங்கிய பிறகும் அந்தத் தொழிலாளி மனுவை நம்புகிறார் என்றால், அது அவருடைய பலவீனமல்ல. இந்த நாட்டின் ஜனநாயகத்தின் மீது, ஆள்கிறவர்களை விட அவர் வைத்திருக்கும் நம்பிக்கை பெரிது.

அந்த நம்பிக்கையைத் தனியே நிற்க விடலாகாது. மலைத் தோட்டத்து மனுவில் விக்கிரமசிங்கபுரத்து மில் தொழிலாளியின் கையெழுத்தும் இருக்கட்டும். ஸ்ரீவைகுண்டத்து வயல் தொழிலாளியின் கைநாட்டும் இருக்கட்டும்!