ஏரோதின் அரங்கம்

1987இல் நியூ ஜெர்சியின் உள்ளூர்த் தொலைக்காட்சியில் மார்ட்டன் டவுனி ஜூனியர் கூச்சலையே விவாதமாக்கினார். விருந்தினர் முகத்தில் சிகரெட் புகையை ஊதினார். அங்கே மீண்டும் மீண்டும் சென்று அமர்ந்தவர்களுள் அல் ஷார்ப்டனும் ஒருவர். அவர் ஒரு போதகர்! 1988இல் ஹார்லெமின் அப்பல்லோ அரங்கில் நடந்த பதிவில், ராய் இன்னிஸ் அவரைத் தரையில் விழத் தள்ளினார். இன்றும் மறுபடி காட்டப்படுவது அந்த வீழ்ச்சியே. அவர் பேச வந்தது அன்று.

சத்தியத்தைச் சொல்ல எந்த மேடையாயினும் ஏறலாம் என்கிறார்கள். நான் ஒப்பேன். ஏரோதும் மேடை தந்தான். அவன் விரும்பியது அற்புதக் காட்சி ஒன்றே. பிலாத்துவுக்கு விடையளித்த ஆண்டவர், ஏரோதுக்கு ஒரு வார்த்தையும் மறுமொழி கூறவில்லை. விவாத அரங்குக்குச் செல்லாத போதகரைக் கோழை என்போர், அந்த மௌனத்தை என்னவென்று அழைப்பார்கள்?